குலேதும் நஸ்ராவும்: ஒரு சொமாலிக் குடும்பப் படம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சில மாதங்களாகப் பார்க்கிறவர்களிடமெல்லாம் ஒரு படத்தைப் பார்க்கச் சொல்லி நச்சரித்துக்கொண்டிருக்கிறேன். ஆங்கிலத்தில் அதற்கு ‘தி கிரேவ்டிக்கர்ஸ் ஒய்ஃப்’ என்று பெயர், அதாவது குழி வெட்டுகிறவரின் மனைவி. 2021இல் வந்தது. சொமாலி மொழி பேசும் படம். இயக்கியவர் கதர் அய்தருஸ் அஹமது. பார்த்தவர்களும் பார்க்கப்போகிறவர்களும் திரும்பத் திரும்ப ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள் என்பதால் பதில்களை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

கதை என்ன?

சொமாலியாவின் பக்கத்து நாடு ஜிபூட்டி. அதே பெயர் கொண்ட அதன் தலைநகரத்தின் ஓரத்தில் ஒரு ஏழைக் குடும்பம். கணவன் குலேத், மனைவி நஸ்ரா, பதின்வயதில் ஒரே மகன் மஹத். குலேத் சவக்குழி வெட்டிப் பிழைக்கிறவர். நஸ்ராவுக்குச் சிறுநீரகம் கெட்டுப்போயிருக்கிறது. உடனே அறுவை சிகிச்சை செய்தாக வேண்டும், அதற்கு 5,000 டாலர் வேண்டும் என்கிறார் மருத்துவர். அந்தப் பணத்துக்காக அப்பா ஒரு பக்கமும் மகன் ஒரு பக்கமும் அலைகிறார்கள். கதை இவ்வளவுதான். 82 நிமிடத்தில் முடிந்துவிடும். வில்லன் கிடையாது, துப்பாக்கிச் சண்டை கிடையாது.

இயக்குநர் யார்?

1981இல் சொமாலியத் தலைநகர் மொகதிஷுவில் பிறந்தவர். சொமாலியாவில் 1991இல் அரசு கவிழ்ந்து உள்நாட்டுப் போர் வெடித்தபோது அவர் சின்னப் பையன். 16 வயதில் அகதியாகப் பின்லாந்து போய்ச் சேர்ந்தார். வெயிலும் உப்புக்காற்றுமாக இருந்த பிள்ளை, நவம்பரில் மூன்று மணிக்கே இருட்டிவிடும் நாட்டில் வளர்ந்தார். திரைக்கதை எழுதுவதில் தொடங்கி, குறும்படங்கள் எடுத்து, அதன் பிறகுதான் இந்த முதல் முழுநீளப் படத்துக்கு வந்தார். திரைக்கதையை எழுதி முடித்ததற்கும் படம் வெளிவந்ததற்கும் இடையில் ஏறத்தாழப் பத்து ஆண்டுகள். வேறொருவர் கையில் கொடுக்காமல் தானே இயக்க வேண்டும் என்று அதைப் பத்திரமாக வைத்திருந்தார்.

அவரைக் ‘கதர்’ என்பதா, ‘அஹமது’ என்பதா?

கதர் என்றே சொல்லுங்கள். மேற்கத்தியப் பத்திரிகைகள் வழக்கம்போலக் கடைசிச் சொல்லைக் குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டு ‘அஹமது’ என்று எழுதிவிடுகின்றன. சொமாலி வழக்கத்தில் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. முதலில் தன் பெயர், அடுத்து அப்பா பெயர், அதற்கடுத்து தாத்தா பெயர். கல்யாணமானாலும் பெண் தன் பெயரை மாற்றிக்கொள்வதில்லை. அப்பா பெயரின் முதலெழுத்தைத் தலைப்பெழுத்தாகச் சுமக்கும் நமக்கு இது சட்டென்று புரியும். நம் வழக்கப்படி எழுதினால் அவர் அ. அ. கதர். அய்தருஸ் என்ற பெயரும் நமக்குப் புதிதில்லை. கடலோரத் தமிழ் முஸ்லிம் வீடுகளில் அதை ஐதுரூஸ் என்பார்கள். யெமனின் ஹள்ரமவுத் கரையிலிருந்து புறப்பட்ட பெயர் அது. ஒரு கப்பல் சொமாலியா இருக்கும் ‘ஆப்பிரிக்காவின் கொம்பு’ பக்கம் போனது, இன்னொன்று நம் பக்கம் வந்தது.

இந்தக் கதை அவருக்கு எப்படிக் கிடைத்தது?

பின்லாந்தில் அவர்கள் குடும்பத்தில் ஒரு சாவு. அடக்கத்துக்கான ஏற்பாடுகள் அவர் தலையில் விழுந்தன. மையித்தை, அதாவது இறந்தவர் உடலை, அடக்கம் செய்ய ஏறக்குறைய ஒரு வாரம் ஆகிவிட்டது. இஸ்லாமிய முறைப்படி இறந்தவரைக் குளிப்பாட்டி, கஃபன் துணியால் போர்த்தி, இறந்தவருக்கான ஜனாஸாத் தொழுகை முடித்து, கூடியவரை அன்றைக்கே மண்ணுக்குள் வைத்துவிட வேண்டும். ஒரு வாரக் காத்திருப்பு அந்தக் குடும்பத்தை எப்படி அறுத்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். அப்போதுதான் அண்ணன் ஊர் நினைவைச் சொல்கிறார்: அங்கே ஆஸ்பத்திரி வாசலிலேயே குழி வெட்டுகிறவர்கள் உட்கார்ந்திருப்பார்களே, ஒரு நாளில் எல்லாம் முடிந்துவிடுமே என்று.

படம் தொடங்குவதும் அந்த வாசலில்தான். மண்வெட்டிகளோடு சில ஆண்கள் சுவரோர நிழலில் குந்தியிருக்கிறார்கள். பேச்சு, கேலி, சும்மா இருத்தல். ஆம்புலன்ஸ் வரும் சத்தம் கேட்டதும் எல்லோரும் எழுந்து மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள். உள்ளே இருப்பவருக்கு உயிர் இருக்கிறதா இல்லையா என்பதில்தான் இவர்களுடைய இன்றைய கூலி இருக்கிறது. யாரும் கெட்டவர்கள் இல்லை, யாரும் சாக வேண்டும் என்று யாரும் வேண்டிக்கொள்வதில்லை. ஆனாலும் ஓடுகிறார்கள். ஊரார் வீட்டுச் சாவில் வரும் காசைக் கொண்டுதான் குலேத் தன் வீட்டில் ஓர் உயிரைப் பிடித்து வைத்தாக வேண்டும். இதை ஒரு வசனம்கூட விளக்குவதில்லை. அந்த ஓட்டத்திலேயே எல்லாம் இருக்கிறது.

‘வெட்டியான்’ என்று சொல்லாமல் ஏன் ‘குழி வெட்டுகிறவர்’ என்று சுற்றி வளைக்கிறீர்கள்?

வேண்டுமென்றேதான். நம் மொழியில் அந்தச் சொல் ஒரு வேலையைக் குறிப்பதோடு நிற்பதில்லை. பிறப்பால் ஒரு சாதியின் மேல் கட்டி வைத்த வேலையையும் அதோடு வந்த இழிவையும் சேர்த்தே சொல்கிறது. குலேத் அப்படிப் பிறந்தவர் அல்லர். ஆட்டு மந்தை உள்ள குடும்பத்துப் பிள்ளை. நகரத்துக்கு ஓடிவந்தபின் கைக்குக் கிடைத்த கூலி வேலை இது. அந்த வித்தியாசத்தை மொழிபெயர்ப்பில் தொலைத்துவிட்டால் கதையின் பாதி போய்விடும்.

வேலை லேசானதும் இல்லை. ஜிபூட்டி எரிமலைக் கல்லால் ஆன தேசம். கோடையில் வெயில் 40 டிகிரியைத் தாண்டும். ஆப்பிரிக்காவிலேயே தாழ்வான இடமான அஸ்ஸால் ஏரி, கடல்மட்டத்துக்கு 155 மீட்டர் கீழே, அந்தச் சின்ன நாட்டில்தான் இருக்கிறது. இன்னொன்று, இறந்தவர் முகம் மக்காவைப் பார்க்கும்படி அடக்க வேண்டும். மக்கா அவர்களுக்கு வடக்கே இருக்கிறது. அதனால் நம்மூரில் தெற்கு வடக்காக வெட்டும் கபரை (சவக்குழியை) அங்கே கிழக்கு மேற்காக வெட்டுவார்கள்.

வறுமையைக் காட்டி இரக்கம் சம்பாதிக்கும் படம்தானே இதுவும்?

அதிகம் பேர் கேட்டது இதைத்தான். எனக்குக் கொஞ்சம் வருத்தம் தந்த கேள்வியும் இதுதான். ஆனால் கேட்பவர்களைக் குறை சொல்ல முடியாது. சொமாலியர் என்றதும் நம் கண் முன் வருவது என்ன? கடற்கொள்ளையர், குண்டுவெடிப்பு, எலும்பு துருத்திய குழந்தை. செய்தியில் முப்பது வருடங்களாக இந்த மூன்று படங்களைத்தான் மாற்றி மாற்றிக் காட்டுகிறார்கள். அந்த மூன்றுக்கும் வெளியே ஒரு சொமாலி வீட்டில் காலையில் எழுந்து என்ன பேசிக்கொள்வார்கள் என்று நமக்கு யாரும் காட்டியதில்லை.

கதர் காட்டுகிறார். படத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடத்தைச் சொல்கிறேன். குலேதும் நஸ்ராவும் அழைப்பே இல்லாத ஒரு கல்யாணத்துக்குள் நுழைந்துவிடுகிறார்கள். பெரிய இடத்துக் கல்யாணம். மாட்டிக்கொண்டால் அவமானம். ஆனால் அந்த இரண்டு பேர் முகத்திலும் பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்ட பிள்ளைகளின் குதூகலம். அவள் உடம்பு உள்ளே கெட்டுக்கொண்டிருக்கிறது, அது இருவருக்கும் தெரியும், நமக்கும் தெரியும். தெரிந்தும் அந்தச் சாயங்காலம் அவர்களுடையது. இவ்வளவு வருடம் குடித்தனம் நடத்திய பிறகும் அவர் அவளைப் பார்க்கிற பார்வையில், இவளைக் கூட்டிக்கொண்டு ஊரை விட்டு ஓடிவந்த அந்தப் பையன் அப்படியே இருக்கிறான்.

நோயாளியின் கணவன் என்றால் தியாகி, ஏழை என்றால் பாவம் என்று எழுதி வைத்த வாய்பாடு இங்கே செல்லாது. அவர்களிடம் காசு இல்லை. பேச்சு இருக்கிறது, கிண்டல் இருக்கிறது, ஒருவர் உடம்பின் மேல் இன்னொருவருக்கு ஆசை இருக்கிறது. ஆப்பிரிக்க ஆண், அதிலும் முஸ்லிம் ஆண், மனைவியைக் கண்ணுக்குள் வைத்துப் பார்த்துக்கொள்வதைத் திரையில் எத்தனை முறை பார்த்திருக்கிறோம்? நான் கேட்டவர்களில் ஒருவராலும் வேறு ஒரு படத்தின் பெயர் சொல்ல முடியவில்லை. இரக்கப்பட வைத்து அனுப்பும் படமாக இருந்தால் முடிந்த கையோடு மறந்திருப்பேன். இவர்களை எனக்குத் தெரிந்தவர்களாக்கிவிட்டதால்தான் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறேன்.

நஸ்ரா படம் முழுக்கப் படுத்தே கிடப்பாரா?

இல்லை. நோய் முற்ற முற்ற எழுந்திருக்க முடியாமல் போகிறதுதான், ஆனால் வாய் ஓய்வதில்லை. அந்த வீட்டின் நகைச்சுவையே அவர்தான். நடித்திருப்பவர் யாஸ்மின் வர்ஸாமே. மொகதிஷுவில் பிறந்து கனடாவில் வளர்ந்து, உலகப் புகழ்பெற்ற மாடலாக இருந்தவர். நடிப்பு அவருக்கு இதுதான் முதல் முறை. மாடலைக் கூட்டிவந்து குடிசையில் உட்கார வைத்திருக்கிறார்களே என்று எனக்கும் ஒரு சந்தேகம் இருந்தது, பத்து நிமிடத்தில் போய்விட்டது. குலேதாக வரும் ஓமர் அப்தியின் நடிப்பு அதற்கு நேர் எதிர்: அவர் முகத்தில் எதுவும் சீக்கிரம் வெளியே வராது. பேசுகிற மனைவி, பேசாத கணவன். நம் வீடுகளிலும் பார்த்த ஜோடிதான்.

5,000 டாலர் அவ்வளவு பெரிய தொகையா?

ஜிபூட்டி பிராங்கின் மதிப்பு 1973 முதல் டாலரோடு ஒரே விகிதத்தில் கட்டி வைக்கப்பட்டிருக்கிறது, ஒரு டாலருக்கு ஏறத்தாழ 177.7 பிராங்க். ஆக 8 லட்சத்து 88 ஆயிரம் பிராங்குக்குப் பக்கத்தில் வருகிறது. ஒரு நாள் குழி கிடைத்து மறுநாள் வெறுங்கையோடு திரும்பும் மனிதரிடம் இதைக் கேட்கிறார்கள். படம் இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுவதில்லை. மருத்துவர் சொன்னதும் குலேத் ஒரு கணம் அப்படியே இருப்பார், அதுவே போதும்.

சொந்த ஊரில் ஆடுகள் இருக்கின்றனவே, கேட்டதும் கொடுத்துவிடக் கூடாதா?

இந்தக் கேள்விக்குள்தான் படத்தின் இரண்டாம் பாதி இருக்கிறது. மேய்ச்சல் சமூகத்தில் ஆடும் ஒட்டகமும்தான் வங்கி, காப்பீடு, சீர், அபராதம் எல்லாம். மந்தை ஒருவருக்கு மட்டும் சொந்தமில்லை. யார் எதை விற்கலாம் என்று பெரியவர்கள் கூடிப் பேசித்தான் முடிவெடுப்பார்கள். குலேத் அந்தக் கூட்டத்தை விட்டு வெளியேறியவர். பெரியவர்கள் பேச்சை மீறி நஸ்ராவைக் கூட்டிக்கொண்டு ஓடியவர். இப்போது அதே நஸ்ராவின் உயிருக்காகத் தன் பங்கைக் கேட்டுக்கொண்டு வறண்ட நிலத்தில் நடையாய் நடந்து வந்து நிற்கிறார். பெற்ற அம்மாவின் மனக்காயம் இன்னும் ஆறவில்லை.

ஓடிப்போய்க் கல்யாணம் செய்துகொண்ட பிள்ளை வருடங்கள் கழித்து வாசலில் வந்து நிற்பது எப்படியிருக்கும் என்று நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. ஆனால் கதர் அந்த அம்மாவைக் கொடுமைக்காரியாக்கவில்லை. அவரும் விட்டுப்போன ஒருவனுக்காகக் காத்துக் காத்து இறுகிப்போனவர்தான். அந்த முகத்தை இன்னும் கொஞ்சநேரம் காட்டியிருக்கலாம் என்பது என் குறை. கிராமத்துக் காட்சிகள் கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டன.

மகன் மஹத் எப்படி?

முதலில் வீட்டுக்கு அடங்காதவன். பள்ளிக்கூடம் போகாமல் திரிகிறான், அப்பாவோடு உரசல். அப்பா ஊருக்குக் கிளம்பிய பிறகு வீடு அவன் கையில் வருகிறது. கார் கழுவுகிறான், அம்மாவின் மருந்துக்குக் காசு தேற்றுகிறான். பொறுப்பு வந்துவிட்டது என்று பின்னணி இசை முழங்குவதில்லை. நேற்று கூட்டாளிகளோடு சுற்றிய அதே தெருவில் இன்று வேலை தேடி நடக்கிறான், அவ்வளவுதான். கதர் அப்துல் அஸீஸ் இப்ராஹிம் என்ற பையன் நடித்திருக்கிறான். இயக்குநருக்கும் இவனுக்கும் ஒரே முதற்பெயர்.

எழுத்துவரி (சப்டைட்டில்) இல்லாமல் ஏதாவது புரியுமா?

புரியாது. சொமாலி நமக்குத் தொடர்பில்லாத மொழிக் குடும்பம். ஆனால் ஒன்று காதில் விழும். சொமாலியில் அம்மா ‘ஹோயோ’, அப்பா ‘ஆபோ’. சொமாலி வீடுகளில் அம்மா தன் பிள்ளையையே ‘ஹோயோ’ என்று கூப்பிடுவாள், அப்பா பிள்ளையை ‘ஆபோ’ என்பார். மகளை ‘வாம்மா’ என்றும் மகனை ‘என்னப்பா’ என்றும் கூப்பிடும் நமக்கு இது எவ்வளவு நெருக்கம்! ஆங்கில எழுத்துவரியில் இந்த இனிமை வரவே வராது. ஒரு தமிழ் எழுத்துவரி செய்தால் அப்படியே கொண்டுவந்துவிடலாம். யாராவது செய்யுங்களேன்.

இது பின்லாந்துப் படமா, சொமாலியப் படமா?

பணம் பின்லாந்து, பிரான்ஸ், ஜெர்மனி தயாரிப்பாளர்களுடையது. ஒளிப்பதிவு செய்த ஆர்ட்டு பெல்டோமா பின்லாந்துக்காரர். எடுத்த இடம் ஜிபூட்டி. பேசும் மொழியும் முகங்களும் சொமாலி. ஆஸ்கரின் சர்வதேசப் படப் பிரிவுக்குச் சொமாலியா வரலாற்றிலேயே முதன்முறையாக அனுப்பிய படம் இதுதான். இறுதிப் பட்டியலில் வரவில்லை.

என்னைக் கேட்டால் சொமாலியப் படம் என்பேன். ஐரோப்பியப் பணத்தில் எடுக்கிற ஆப்பிரிக்கப் படங்களில் அடிக்கடி ஒரு வெள்ளைக்கார மருத்துவரோ பத்திரிகையாளரோ வந்து நமக்கு வழிகாட்டுவார். இதில் அப்படி யாரும் இல்லை. கதையின் வேதனையும் விடையும் இந்த மூன்று பேருக்குள்ளேயே தேடப்படுகின்றன. பின்லாந்தில் இதன் பெயர் ‘குலேத் & நஸ்ரா’. ஆங்கிலத் தலைப்பைவிட இதுதான் பொருத்தம். ஆங்கிலத் தலைப்பில் நஸ்ராவுக்குப் பெயரே இல்லை பாருங்கள்.

ஏன் சொமாலியாவிலேயே எடுக்கவில்லை?

பாதுகாப்புதான் காரணம். ஜிபூட்டியிலும் சொமாலியர் பெருவாரியாக வாழ்கிறார்கள், மொழியும் ஒன்று. 1977 வரை பிரெஞ்சு ஆட்சியில் இருந்ததால் அது தனி நாடாகிவிட்டது, மற்றபடி எல்லையின் இரு பக்கமும் ஒரே உறவுக்காரர்கள். மொகதிஷுவின் நிலையைச் சொல்ல ஒரு செய்தி போதும். சீனா அன்பளிப்பாகக் கட்டிக்கொடுத்த தேசிய அரங்கம் அங்கே இருக்கிறது. போரில் மூடப்பட்டு, 2012இல் திறந்த சில வாரங்களிலேயே தற்கொலைக் குண்டுக்கு இலக்கானது. முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு அங்கே மறுபடி திரைப்படம் திரையிடப்பட்டது 2021 செப்டம்பரில், இந்தப் படம் உலக விழாக்களைச் சுற்றிக்கொண்டிருந்த அதே பருவத்தில்.

விருது ஏதாவது?

2021இல் கான் விழாவின் விமர்சகர் வாரத்தில் முதல் திரையிடல். அது விழாவின் அதிகாரபூர்வத் தேர்வுக்கு வெளியே, கூடவே நடக்கும் தனிப் பிரிவு. அதே ஆண்டு அக்டோபரில் புர்கினா ஃபாசோவின் வாகதூகு நகரில் நடந்த ஃபெஸ்பாக்கோ விழாவில் முதல் பரிசான யெனெங்கா தங்கக் குதிரை. 1969இல் தொடங்கிய அந்த விழா ஆப்பிரிக்கச் சினிமாவுக்குத் தாய்வீடு. யெனெங்கா குதிரையேறிப் போரிட்ட மோஸி மக்களின் இளவரசி. கான் திரையிடலைவிட இதைத்தான் பெரிதாக நினைக்கிறேன். ஆப்பிரிக்கர்களே உட்கார்ந்து பார்த்து, இது எங்கள் வீடு என்று சொன்ன பரிசு அல்லவா.

முடிவு சோகமா? நஸ்ரா பிழைத்துவிடுவாரா?

சொல்ல மாட்டேன். கோபித்துக்கொள்ளாதீர்கள்.

பிள்ளைகளோடு பார்க்கலாமா?

பன்னிரண்டு வயதுக்கு மேலென்றால் தாராளமாக. அம்மாவுக்கு என்ன ஆகுமோ என்ற பயம் படம் முழுக்க இருக்கும், அதனால் கூடவே உட்காருங்கள். வீட்டில் யாருக்காவது டயாலிசிஸ் நடந்துகொண்டிருந்தால் இப்போது வேண்டாம், கொஞ்சம் தள்ளிப்போடுங்கள்.

இது பிடித்திருந்தால் அடுத்து என்ன பார்ப்பது?

ஜிபூட்டி நகரத்தையே இன்னொரு கண்ணால் பார்க்க, லூலா அலி இஸ்மாயில் என்ற பெண் இயக்குநர் 2017இல் எடுத்த ‘தலின்யாரோ’. பள்ளி இறுதி வகுப்பில் இருக்கும் மூன்று தோழிகளின் கதை.

ஆனால் முதலில் பார்க்க வேண்டியது மோ ஹராவே 2024இல் எடுத்த ‘தி வில்லேஜ் நெக்ஸ்ட் டு பாரடைஸ்’. மொகதிஷுவில் பிறந்து ஆஸ்திரியாவுக்குப் போனவர் ஹராவே. இந்தப் படம் சொமாலியாவிலேயே எடுக்கப்பட்டது. கான் விழாவின் அதிகாரபூர்வத் தேர்வில் இடம்பெற்ற முதல் சொமாலியப் படமும் இதுவே. மனைவியில்லாத அப்பா மமர்கதே, விவாகரத்து முடிந்து வந்து நிற்கும் தங்கை அரவேலோ, பள்ளிக்கூடம் மூடிப்போன பையன் இகால், மூன்று பேரும் ஒரே கூரையின் கீழ். அரவேலோ என்பது சொமாலி நாட்டார் கதைகளில் வரும் ஓர் அரசியின் பெயர். இங்கே அந்தப் பெயர்க்காரி சொந்தமாக ஒரு தையற்கடை போட ஆசைப்படுகிறாள். ட்ரோன் தாக்குதல் பற்றிய தொலைக்காட்சிச் செய்தியோடு தொடங்கும் படம், அதன் பிறகு அந்தச் செய்தி காட்டாத வீட்டுக்குள் நம்மைக் கூட்டிப்போகிறது.

மமர்கதே பிழைப்புக்காகப் பல வேலை செய்கிறார். அதில் ஒன்று குழி வெட்டுவது. குலேதைப் பார்த்துவிட்டு வந்தீர்களானால், அவர் மண்வெட்டியை எடுக்கும்போதே உங்களுக்குத் தெரிந்துவிடும்.